ஐஸ்லாந்தின் தென்கரை: சிறு குழுவோடு ஒருநாள் அருவி, எரிமலைப் பயணம் போக முழுமையான வழிகாட்டி

ரெய்க்யவிக்கிலிருந்து தென்கரைக்குப் போய்வரும் ஒருநாள் சுற்றுலா, கேட்பதற்கு மிக எளிது. காலையில் வேன் வரும், இரண்டு பெரிய அருவி, ஒரு பனியாறு, ஒரு கறுப்புக் கடற்கரை, இரவுக்குள் விடுதி. வண்டி ஓட்டுவதும் வழி பார்ப்பதும் வேறொருவர் பொறுப்பு. ஆனாலும் மதியத்துக்குள் குளிரில் நடுங்கிக்கொண்டு "எப்போது திரும்புவோம்?" என்று கேட்கும் ஒருவராவது எல்லா வண்டியிலும் இருப்பார். காரணம் பெரும்பாலும் ஒன்றுதான். முதல் அருவியிலேயே தொப்பலாக நனைந்துவிட்டு, மிச்சமிருக்கும் ஏழெட்டு மணி நேரத்தை அந்த ஈரத்தோடு கழிக்கிறார்.

என்னென்ன இடம் பார்க்கலாம் என்ற பட்டியல் எங்கும் கிடைக்கும். எதை எதற்கு முன் செய்ய வேண்டும், ஏன் என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

1. பணம் கட்டும் முன் அட்டவணையைப் படியுங்கள்

சிறு குழு என்றால் பொதுவாக 20 பேருக்கு உட்பட்ட மினிபஸ். பெரிய பேருந்தைவிட விலை கூடுதல். ஆனால் ஐம்பது பேர் இறங்கி ஏறவே ஒவ்வொரு நிறுத்தத்திலும் பத்து நிமிடம் போய்விடும். ஆறு நிறுத்தம் என்றால் ஒரு மணி நேரம். நீங்கள் கூடுதலாகக் கொடுக்கும் பணம் அந்த ஒரு மணி நேரத்துக்குத்தான். ஆகவே அது உங்களுக்குக் கிடைக்கிறதா என்று பாருங்கள். செல்யாலாந்துஸ்ஃபோஸ், ஸ்கோகாஃபோஸ் அருவிகளுக்குத் தலா முக்கால் மணி நேரம் ஒதுக்கியிருந்தால் நல்ல அட்டவணை. அரை மணிக்கும் குறைவு என்றால் படம் எடுத்துவிட்டு ஓடி வர மட்டுமே முடியும்.

நிறுத்தங்களின் பெயர்களை வாசிக்கும்போது ஒரு நுணுக்கம் உண்டு. "இறங்கிப் பார்ப்போம்" என்பதும் "வழியில் காண்போம்" என்பதும் வேறு வேறு. எய்யாஃப்யாட்லாயோகுல் எரிமலை பல விளம்பரங்களில் பெரிய எழுத்தில் இருக்கும். அதை எல்லோருமே வண்டி ஜன்னல் வழியாகத்தான் பார்க்கிறார்கள், அதுவும் மேகம் விலகினால்.

அதேபோல் பனியாற்றைப் பார்ப்பதும் பனியாற்றின் மேல் நடப்பதும் இரண்டு தனிச் சுற்றுலாக்கள். நடக்கும் சுற்றுலாவில் காலில் இரும்புப் பல் பட்டை கட்டி, தனிக் கைடு ஒருவர் கூட்டிப்போவார். அதற்கு வயது வரம்பு உண்டு, நேரமும் அதிகம் எடுக்கும். அருவிகளுக்கான நேரம் அங்கேதான் வெட்டுப்படும். முதல் முறை வருபவர்கள், குறிப்பாகப் பெற்றோரோடு வருபவர்கள், பார்க்கும் சுற்றுலாவையே எடுப்பது நல்லது.

கோல்டன் சர்க்கிள் என்பதோடு இதைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். அது திங்வெட்லிர், கெய்சிர், குட்ல்ஃபோஸ் பக்கம் போகும் வேறு பாதை. தூரமும் குறைவு. தென்கரைப் பயணம் பத்து, பதினொரு மணி நேரம் பிடிக்கும். விக் கிராமம் வரை போக மட்டுமே ரெய்க்யவிக்கிலிருந்து சுமார் 187 கிலோமீட்டர்.

2. எரிமலை என்றால் என்ன பார்ப்பீர்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள்

நெருப்புக் குழம்பு ஓடுவதைப் பார்க்கப் போகிறோம் என்று நினைத்து வருபவர்கள் நிறைய. 2021 முதல் செய்திகளில் வந்த லாவா ஓட்டங்களெல்லாம் ரெய்க்யானெஸ் தீபகற்பத்தில், விமான நிலையம் இருக்கும் திசையில். தென்கரை அதற்கு எதிர்ப்பக்கம்.

இந்தப் பாதையில் எரிமலைகள் பனிக்கு அடியில் இருக்கின்றன. 2010 ஏப்ரலில் சாம்பலைக் கக்கி ஐரோப்பாவின் விமானங்களை நாள்கணக்கில் நிறுத்திவைத்த எய்யாஃப்யாட்லாயோகுல் இங்கேதான். அதற்குப் பக்கத்தில் மிர்தால்ஸ்யோகுல் பனிப்பரப்பின் அடியில் கட்லா. அதன் கடைசிப் பெரிய வெடிப்பு 1918-இல். பனிக்கடியில் எரிமலை சூடானால் நெருப்புக்கு முன் வெள்ளம் வந்துவிடும். 2011 ஜூலையில் அப்படி வந்த வெள்ளம் விக் கிராமத்துக்குக் கிழக்கே முலாக்விஸ்ல் ஆற்றின் பாலத்தையே அடித்துக்கொண்டு போனது.

ஆக, நீங்கள் காணப்போவது எரிமலை விட்டுப்போன தடயங்கள். பாசி மூடிய லாவா வெளி, பனிக்குள் படிந்த சாம்பல் அடுக்கு, கறுப்பு மணல், அறுகோணத் தூண்களாக உறைந்த பசால்ட் பாறை. இது தெரிந்து வந்தால் ஜன்னலுக்கு வெளியே ஒவ்வொன்றும் பிடிபடும். தெரியாவிட்டால் "எரிமலை எங்கே?" என்று கேட்டபடியே திரும்ப வேண்டியதுதான்.

3. நாளைத் தேர்ந்தெடுங்கள், ஒரு நாளைக் கையிருப்பில் வையுங்கள்

சுற்றுலாவை வந்து இறங்கிய நாளிலும் வைக்காதீர்கள், கிளம்பும் நாளுக்கு முந்தின நாளிலும் வைக்காதீர்கள். இறங்கிய நாளில் தூக்கம் கெட்டிருக்கும். கடைசியில் வைத்தால், காற்றினால் பயணம் ரத்தானதும் மாற்று நாள் இல்லாமல் போகும். இங்கே மழைக்காக எதையும் ரத்து செய்ய மாட்டார்கள், காற்றுக்காகச் செய்வார்கள். இரண்டாம் நாளில் பதிவு செய்து, பின்னால் ஒரு நாளைக் காலியாக விடுங்கள். ரத்தானால் நாளை மாற்றித் தருவார்களா, பணம் திரும்புமா என்பதைப் பதிவின்போதே படித்து வையுங்கள்.

பருவம் இன்னொரு கணக்கு. ஜூனில் ஏறக்குறைய 21 மணி நேரம் வெளிச்சம் இருக்கும், எப்போது கிளம்பினாலும் கவலையில்லை. டிசம்பரில் சூரியன் 11 மணி தாண்டித்தான் எழும், மூன்றரை மணிக்கெல்லாம் மறைந்துவிடும். காலை எட்டரைக்குக் கிளம்பும் வண்டி முதல் இரண்டு மணி நேரம் இருட்டில்தான் ஓடும். அப்படிப்பட்ட மாதங்களில் நிறுத்தம் குறைவாக உள்ள சுற்றுலாவே மேல். குளிர்காலத்தில் செல்யாலாந்துஸ்ஃபோஸ் அருவிக்குப் பின்னால் போகும் பாதையைப் பனிக்கட்டி காரணமாக அடிக்கடி மூடிவிடுவார்கள். அந்த அனுபவத்துக்காகவே வருகிறீர்கள் என்றால் மே முதல் செப்டம்பர் வரை வாருங்கள்.

4. விசா, பணம், குழந்தை இருக்கை

இந்திய, இலங்கைக் கடவுச்சீட்டு உள்ளவர்களுக்குப் பல ஐரோப்பிய நாடுகளுக்குப் பொதுவான ஷெங்கன் விசா வேண்டும். லண்டனில் வேலை செய்யும் நம்மவர்கள் சிலர் பிரிட்டன் விசாவோடு வந்துவிடலாம் என்று நினைக்கிறார்கள். முடியாது. விசா கையில் வந்தபிறகு சுற்றுலாவுக்குப் பணம் கட்டுங்கள், அல்லது திருப்பித் தருவதாகச் சொல்லும் பதிவை மட்டும் செய்யுங்கள்.

ரொக்கம் தேவைப்படாது. சாப்பாடு முதல் கட்டணக் கழிப்பறை வரை அட்டைதான். அட்டையின் ரகசிய எண் (PIN) நினைவில் இருக்கட்டும்.

குழந்தையோடு வருபவர்கள் பதிவு செய்யும்போதே உயரத்தையும் எடையையும் சொல்லிவிட வேண்டும். 135 சென்டிமீட்டருக்குக் குறைவான குழந்தைக்குத் தனி இருக்கையோ உயர்த்தும் இருக்கையோ இங்கே சட்டப்படி கட்டாயம். காலையில் வண்டி வந்தபிறகு சொன்னால் கைடு என்ன செய்வார், பாவம். ஏற்ற முடியாது என்றுதான் சொல்வார்.

5. உடை: இதில் மட்டும் சிக்கனம் வேண்டாம்

உடம்பை ஒட்டிக் கம்பளி அல்லது தெர்மல். அதற்கு மேல் ஃப்ளீஸ். எல்லாவற்றுக்கும் மேல் தண்ணீரும் காற்றும் புகாத, தலைமூடி உள்ள ஜாக்கெட். இதுவரை எல்லோரும் சரியாகச் செய்வார்கள். கோட்டைவிடுவது இடுப்புக்குக் கீழே. மேலே விலையுயர்ந்த ஜாக்கெட், கீழே ஜீன்ஸ். பருத்தி தண்ணீரை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். ஜீன்ஸ் நனைந்தால் அன்று முழுக்கக் காயாது, அதன்மேல் காற்று படும்போது தொடை மரத்துப்போகும். வழக்கமான பேன்ட்டின் மேல் மாட்டிக்கொள்ளும் மெல்லிய மழைப் பேன்ட் ஒன்று வாங்கிவிடுங்கள். பையில் ஒரு மூலையில் அடங்கிவிடும். சென்னையிலேயே மலையேற்றப் பொருள் விற்கும் கடைகளில் கிடைக்கிறது. ரெய்க்யவிக்கில் வாங்கினால் விலையைப் பார்த்தே வியர்க்கும்.

புடவைதான் கட்டுவேன் என்று பிடிவாதமாக இருக்கும் அம்மாக்களுக்கு ஒரு வார்த்தை. குளிரை உள்ளே தெர்மல் பார்த்துக்கொள்ளும், சிக்கல் அங்கே இல்லை. ஈரப் படியில் கொசுவம் காலில் சுற்றுவதும், கடற்கரைக் காற்றில் முந்தானை முகத்தை மூடுவதும்தான் ஆபத்து. அந்த ஒரு நாளைக்குச் சல்வாரும் அதன்மேல் மழைப் பேன்ட்டும் போதும். துப்பட்டாவை விடுதியிலேயே விட்டுவிட்டுக் கழுத்துக்குக் கம்பளித் துணி சுற்றிக்கொள்ளச் சொல்லுங்கள்.

கணுக்கால் மூடிய, தண்ணீர் புகாத ஷூ. காதை மூடும் குல்லாய், கையுறை. கோடையிலும்தான். நவம்பர் முதல் மார்ச் வரை ஷூவின் அடியில் மாட்டும் ஆணிப் பட்டை. அப்புறம், ஒரு ஜோடி மாற்றுக் காலுறையை நனையாத பையில் போட்டு வண்டியிலேயே வையுங்கள். மதியம் காலுறையை மாற்றும் அந்த இரண்டு நிமிடத்துக்கு ஈடாக எதுவும் இல்லை.

குடையைக் கொண்டு வரவே வேண்டாம். இந்தக் காற்றில் அரை நிமிடம் தாங்காது.

6. முந்தின நாள் மாலை செய்ய வேண்டியவை

ஐஸ்லாந்து வானிலை அலுவலகத்தின் தளத்தில் காற்றின் வேகத்தைப் பாருங்கள். அங்கே எண்கள் நொடிக்கு மீட்டர் கணக்கில் இருக்கும். "15தானே" என்று சாதாரணமாக எடுத்துக்கொள்பவர்கள் அதை 3.6-ஆல் பெருக்க மறந்துவிடுகிறார்கள். 15 என்றால் மணிக்கு 54 கிலோமீட்டர். 20 என்றால் 72, நேராக நடப்பதே கஷ்டம். மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு எச்சரிக்கை இருக்கிறதா என்று பார்த்துவிட்டு மின்னஞ்சலையும் பாருங்கள். நேர மாற்றமோ ரத்தோ இருந்தால் பெரும்பாலும் மாலையிலேயே அனுப்பிவிடுவார்கள்.

சாப்பாட்டையும் அன்று மாலையே வாங்கிவிடுங்கள். மலிவான சூப்பர் மார்க்கெட்டுகள் பல, நீங்கள் வண்டி ஏறிய பிறகுதான் திறக்கும். ரொட்டி, சீஸ், வாழைப்பழம், ஸ்கிர் என்ற கெட்டித் தயிர் போதும். ஃப்ளாட்ககா என்று கம்பு மாதிரிக் கருத்த மாவில் செய்த மெல்லிய ரொட்டி கிடைக்கும். ஆறிய சப்பாத்தி போலவே இருக்கும், ஊறுகாயோடு அருமையாகப் போகும். வீட்டிலிருந்து புளியோதரைப் பொடி, தட்டை, முறுக்கு கொண்டு வரலாம். இறைச்சிப் பொருள்களை இந்தியாவிலிருந்து கொண்டு வர அனுமதி இல்லை. ஒன்று கவனியுங்கள்: மூடிய சிறிய வண்டியில் பத்துப் பதினைந்து பேர் உட்கார்ந்திருப்பார்கள். வாசனை தூக்கும் டப்பாவை வெளியே நிற்கும்போது திறப்பதே மரியாதை.

தண்ணீர் பாட்டில் வாங்குவது வீண் செலவு. குழாயில் வரும் குளிர்ந்த நீரே குடிநீர். வெந்நீர்க் குழாயில் அழுகிய முட்டை வாடை வரும். பூமிக்கடியிலிருந்து வரும் கந்தக வாடை அது. குளிர்ந்த நீரைச் சிறிது நேரம் ஓடவிட்டுப் பிறகு நிரப்புங்கள்.

போனை முழுக்க சார்ஜ் செய்து, பவர் பேங்க் ஒன்றும் எடுத்துக்கொள்ளுங்கள். குளிரில் பேட்டரி சட்டென்று இறங்கும். அருவிக்குப் பக்கத்தில் 40 சதவீதம் காட்டிய போன் அப்படியே அணைந்துபோவது சகஜம்.

7. ஏறும் இடத்தைக் கண்ணால் பார்த்து வையுங்கள்

ரெய்க்யவிக் நகர மையத்தில் சுற்றுலா வண்டிகள் ஒவ்வொரு விடுதி வாசலுக்கும் வருவதில்லை. அதற்கென்று எண்ணிட்ட நிறுத்தங்கள் இருக்கின்றன. நகர மன்றத்துக்கு அருகில் 1, ஹட்ல்கிரிம்ஸ்கிர்க்யா தேவாலயத்துக்கு அருகில் 8, இப்படி. விடுதி வரவேற்பறையில் காபி குடித்துக்கொண்டே வண்டிக்குக் காத்திருந்து, வண்டியை விட்டவர்கள் ஏராளம். மஞ்சள் நிற நகரப் பேருந்து நிற்கும் இடத்தில் போய் நிற்பது இன்னொரு தவறு. அது வேறு நிறுத்தம்.

முந்தின நாள் மாலை நடந்துபோய் எண் பலகையைப் பார்த்துவிட்டு வாருங்கள். குளிர்காலக் காலை இருட்டில் தேடுவதைவிட இது சுலபம்.

"8.00 முதல் 8.30 வரை" என்று பதிவில் இருந்தால் நீங்கள் எட்டு மணிக்கே அங்கே இருக்க வேண்டும். 8.20-க்குப் போனால் வண்டி வந்து போயிருக்கலாம். 8.30 தாண்டியும் வரவில்லை என்றால் உடனே போன் செய்யுங்கள். எண்ணை முன்கூட்டியே சேமித்து வைக்க வேண்டியது இதற்காகத்தான்.

8. இருக்கை, அப்புறம் முதல் ஒரு மணி நேரம்

காலையில் உட்கார்ந்த இடம்தான் நாள் முழுக்க என்று பல கைடுகள் சொல்லிவிடுவார்கள். கிழக்கே போகும்போது மலையும் அருவியும் பனியும் இடப்பக்கம், கடல் வலப்பக்கம். எனக்குக் கேட்டால் இடப்பக்க ஜன்னல். வாந்தி வரும் பழக்கம் இருந்தால் பக்கமெல்லாம் பார்க்காமல் முன் வரிசையைப் பிடியுங்கள். சீட் பெல்ட் எல்லா இருக்கைக்கும் கட்டாயம்.

நகரம் தாண்டியதும் ஹெட்லிஸ்ஹெய்தி மேட்டுநிலம். லாவா மேல் சாம்பல் பச்சையில் பாசி, தூரத்தில் புவிவெப்ப மின்நிலையத்தின் வெண்ணிற நீராவி. ரெய்க்யவிக் வீடுகளுக்கு வெந்நீரும் இங்கிருந்து குழாயில் போகிறது. பலர் இந்தப் பகுதியில் தூங்கிவிடுகிறார்கள். இந்த நாளில் லாவா வெளியைச் சரியாகப் பார்க்கக் கிடைக்கும் இடம் இதுதான், தூக்கத்தைத் திரும்பும் வழிக்குத் தள்ளிவையுங்கள். எங்காவது நிறுத்தினால் பாசி மேல் கால் வைக்காதீர்கள். மிதிபட்ட பாசி மீண்டும் வளரப் பல பத்தாண்டுகள் ஆகும்.

9. முதல் அருவிக்கு முந்தின நிறுத்தத்திலேயே தயாராகுங்கள்

செல்ஃபோஸ், ஹெட்லா, க்வோல்ஸ்வோட்லுர் என்ற ஊர்களில் ஏதோ ஒன்றில் கழிப்பறைக்காக நிறுத்துவார்கள். வேண்டுமோ வேண்டாமோ, போய்விட்டு வாருங்கள். அடுத்தது எப்போது, வரிசை எவ்வளவு நீளம் என்று சொல்ல முடியாது.

மழைப் பேன்ட்டை அங்கேயே மாட்டிக்கொள்ளுங்கள். சிறிய வண்டியின் இருக்கைகளுக்கு நடுவே, ஷூவும் போட்டுக்கொண்டு, மழைப் பேன்ட்டுக்குள் காலை நுழைப்பது சர்க்கஸ் வேலை. அருவியில் இறங்கியபின் மாட்டலாம் என்று நினைத்தால், அந்தத் தரை முழுக்க ஈரம், ஒற்றைக் காலில் நின்று காற்றோடு மல்லுக்கட்ட வேண்டும். அதற்கே பத்து நிமிடம் போகும்.

10. செல்யாலாந்துஸ்ஃபோஸ்

சுமார் 60 மீட்டர் உயரம். இந்தச் செங்குத்துப் பாறைச் சுவர் ஒரு காலத்தில் கடற்கரை. கடல் பின்வாங்கிப் போய்விட, சுவரும் அதன்மேல் விழும் ஆறுகளும் இங்கேயே நின்றுவிட்டன. அருவிகள் வரிசையாக ஒரே கோட்டில் இருப்பதன் காரணமும் அதுதான்.

வண்டியிலிருந்து இறங்கியதும் இரண்டு வேலை. திரும்பும் நேரத்துக்கு ஐந்து நிமிடம் முன்னதாகப் போனில் அலாரம் வையுங்கள். வண்டியின் எண் பலகையைப் படம் எடுங்கள். வெள்ளை மினிபஸ் பத்துப் பன்னிரண்டு ஒரே மாதிரி நிற்கும். தவறான வண்டியில் ஏறி உட்கார்ந்து, கைடு ஆள் கணக்கெடுக்கும்போது விழிப்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

படத்தை அருவிக்கு முன்னால் எடுத்துவிட்டுப் பின்னால் போங்கள். உள்ளே போய்விட்டு வந்தால் லென்ஸ், கண்ணாடி, முகம் எல்லாம் ஈரம், நல்ல படம் வராது. பாறைக் குடைவின் உள்ளே சாரல் மேலிருந்து விழாது, காற்று எந்தப் பக்கம் தள்ளுகிறதோ அந்தப் பக்கத்திலிருந்து பக்கவாட்டில் அறையும். தலைமூடியின் கயிற்றை இறுக்குங்கள். போனை ஜாக்கெட்டின் உள்பையில் வைத்து, எடுக்கும்போது மட்டும் வெளியே எடுங்கள். வழுக்கும் கற்கள் இருக்கின்றன, அங்கே நடந்துகொண்டே வீடியோ எடுக்காதீர்கள். கயிறோ சங்கிலியோ கட்டியிருந்தால் தாண்டாதீர்கள், பாறையிலிருந்து பனிக்கட்டி விழும் என்பதால்தான் கட்டியிருக்கிறார்கள்.

நேரம் மிச்சமிருந்தால் வடக்கே பத்து நிமிட நடையில் க்லியூஃப்ராபூயி. பாறைப் பிளவுக்குள் மறைந்திருக்கும் சிறிய அருவி. உள்ளே போக ஓடையில் கற்கள் மேல் கால் வைத்துத் தாண்ட வேண்டும். என்னைக் கேட்டால் இந்த நாளின் மிக அழகான இடம் இதுதான். ஆனால் 25 நிமிடமாவது கையில் இருந்தால் மட்டும் போங்கள். ஷூவுக்குள் தண்ணீர் புகுந்துவிட்டால் இன்னும் முழு நாள் பாக்கி இருக்கிறது.

11. ஸ்கோகாஃபோஸ்: படி முதலில், அடிவாரம் பிறகு

இதுவும் 60 மீட்டர் உயரம், ஆனால் 25 மீட்டர் அகலத்தில் ஒரே பலகையாக விழுகிறது. அடிவாரம் வரை சமதளம். பக்கத்தில் 500-க்கும் மேற்பட்ட படிகள் மேலே பார்வை மேடைக்குப் போகின்றன.

எல்லோரும் இறங்கியதும் நேராக அடிவாரத்துக்கு ஓடுகிறார்கள். அங்கே நனைந்து, பிறகு ஈர ஷூவோடு படியேறி, மேலே காற்றில் நின்று நடுங்குகிறார்கள். மாற்றிச் செய்யுங்கள். உலர்ந்திருக்கும்போதே படியேறுங்கள், பத்துப் பதினைந்து நிமிடம் பிடிக்கும். ஏறும்போது ஜாக்கெட்டின் ஜிப்பைத் திறந்துவிடுங்கள், உள்ளே வியர்த்தால் அதுவும் ஈரம்தான். இறங்கி வந்து கடைசிப் பத்து நிமிடம் அடிவாரத்தில் நின்று சாரலை வாங்கிக்கொண்டு, நேராக வண்டிக்கு.

முட்டி வலி உள்ளவர்கள் படியைத் தொடவே வேண்டாம். மேலே போனால் அருவியின் தலைதான் தெரியும், அதன் முழு உருவம் கீழேதான். வெயில் இருந்தால் சூரியனுக்கு முதுகைக் காட்டி நில்லுங்கள், வானவில் உங்களுக்கு எதிரே சாரலில் விழும்.

12. சோல்ஹெய்மாயோகுல் பனியாறு

வண்டி நிறுத்தும் இடத்திலிருந்து கால் மணி நடை. பனியில் கறுப்புக் கோடுகள் தெரியும், அவை எரிமலைச் சாம்பல். பனி உருகிப் பின்வாங்கிக்கொண்டே போவதால் அதற்கு முன்னால் ஏரி ஒன்று பெருகி வருகிறது. எட்ட நின்று பாருங்கள், பனி மேல் ஏறாதீர்கள். மேலே உறுதியாகத் தெரிந்தாலும் உள்ளே பிளவு இருக்கும். களைப்பாக இருந்தால் தவிர்த்துவிட்டு வண்டியில் உட்கார்ந்து சாப்பிடத் தகுந்த நிறுத்தம் இது ஒன்றுதான்.

13. ரெய்னிஸ்ஃபியாரா: இங்கே மட்டும் கடுமையாக இருங்கள்

கறுப்பு மணல், பசால்ட் தூண்கள், கடலுக்குள் ரெய்னிஸ்த்ராங்கர் பாறைக் கூர்கள். அழகான இடம். ஆள்களைக் கொன்ற இடமும்கூட.

மெரினாவிலும் திருச்செந்தூரிலும் கால் நனைத்து வளர்ந்தவர்களுக்குக் கடலைக் கண்டதும் கால் தானாக அலையை நோக்கிப் போகும். இங்கே அந்தப் பழக்கத்தை வண்டியிலேயே விட்டுவிட வேண்டும். கடலடித் தரை கரைக்குப் பக்கத்திலேயே சரேலென்று ஆழமாகிறது. அதனால் அலை வரும் வழியில் வேகம் குறையாமல் முழு பலத்தோடு கரையில் ஏறுகிறது. ஐந்தாறு அலை அடக்கமாக வந்து போகும், அடுத்தது முப்பது மீட்டர் மேலே வந்துவிடும். திரும்பும்போது காலடியில் உள்ள கூழாங்கல்லையும் சேர்த்து இழுக்கும், ஊன்றி நிற்கவே தரை இருக்காது. குளிர்ந்த நீரில் நனைந்த கனத்த உடையோடு நீந்துவது நடக்காத காரியம். 2024 மே மாதம் கன்னியாகுமரி லெமூர் கடற்கரையில் ஐந்து மருத்துவ மாணவர்களை அலை கொண்டுபோனது பலருக்கு நினைவிருக்கும். அமைதியாகத் தெரியும் கடல் எப்படி ஏமாற்றும் என்பதற்கு வேறு சான்று தேவையில்லை.

செய்ய வேண்டிய வரிசை இதுதான். கரைக்கு இறங்கும் பாதையில் எச்சரிக்கை விளக்கு இருக்கும். முதலில் அதைப் பாருங்கள். சிவப்பு என்றால் கீழே இறங்காமல் மேட்டிலிருந்தே பார்த்துவிட்டுத் திரும்புங்கள். இறங்கலாம் என்றால், இறங்கியதும் நின்று ஐந்து நிமிடம் கடலை மட்டும் கவனியுங்கள். மணல் எதுவரை ஈரமாக இருக்கிறதோ, அதற்கும் நன்றாக மேலே உங்கள் எல்லையை வைத்துக்கொள்ளுங்கள். குழந்தையின் கையைப் பிடித்தே இருங்கள். படம் எடுப்பவர் கடலைப் பார்த்து நிற்கட்டும், படத்தில் நிற்பவர் கடலுக்கு முதுகைக் காட்டினால் இன்னொருவர் காவல் பார்க்கட்டும். அலை உயரமாக இருந்தால் குகைப் பக்கம் போகாதீர்கள். தூண்கள் மேல் ஏறி நின்றவர்களைச் சுற்றி நீர் சூழ்ந்து, இறங்க வழியில்லாமல் போனதுண்டு.

"எல்லோரும் போகிறார்களே" என்பது இங்கே காரணமாகாது. முன்னால் நிற்பவர்களும் முதல் முறை வந்தவர்கள்தான்.

கோடையில் சில சுற்றுலாக்கள் பக்கத்திலிருக்கும் டிர்ஹோலாய் முனைக்கும் போகும். மே நடுவிலிருந்து ஆகஸ்ட் நடுப்பகுதி வரை பஃபின் பறவைகளைப் பார்க்கலாம். கூடு கட்டும் காலத்தில் அங்கே நுழைவுக் கட்டுப்பாடு உண்டு, கைடு சொல்வதுதான் முடிவு.

14. விக் கிராமத்தில் சாப்பாட்டு நேரம்

அரை மணியிலிருந்து முக்கால் மணி வரை கொடுப்பார்கள். ஒரே நேரத்தில் பல வண்டிகள் வந்து சேரும், உணவு வரிசையிலேயே பாதி நேரம் கரையும். கட்டுச்சோறு இருந்தால் முதலில் கழிப்பறை, பிறகு சாப்பாடு, பிறகு காலுறை மாற்றம். வாங்கிச் சாப்பிடும் சைவர்கள் சூப்பைக் கண்ணை மூடிக்கொண்டு சொல்லாதீர்கள். காய்கறி சூப் என்றாலும் எலும்புச் சாறோ மீன் சாறோ சேர்ந்திருக்கலாம், கேட்டுவிடுங்கள்.

குன்றின் மேல் வெள்ளைத் தேவாலயம் தெரியும். கட்லா வெடித்து வெள்ளம் வந்தால் ஊர் மக்கள் கூட வேண்டிய உயரமான இடம் அதுதான். போனில் அவசர எச்சரிக்கைச் செய்தி வந்தால் தனியாக முடிவெடுக்காமல் கைடு இருக்கும் இடத்துக்குப் போங்கள். அவசர எண் 112.

15. திரும்பும் வழியும் விடுதி சேர்ந்த பிறகும்

சில சுற்றுலாக்கள் முதலில் விக் வரை போய்விட்டு அருவிகளைத் திரும்பும் வழியில் காட்டும். உங்களுடையது அப்படியானால் மேலே 9 முதல் 11 வரையுள்ள பகுதிகளில் சொன்னவை மதியத்துக்குப் பொருந்தும். ஈர ஜாக்கெட்டை இருக்கையில் விரிக்காமல் பெரிய பிளாஸ்டிக் பையில் போட்டுக் காலடியில் வையுங்கள். பக்கத்து இருக்கைக்காரருக்கும் அது உதவி.

நகரத்துக்குள் நுழையும் முன் எந்த எண் நிறுத்தத்தில் இறங்க வேண்டும் என்று கைடிடம் சொல்லிவிடுங்கள். டிப்ஸ் கட்டாயமில்லை, மனமிருந்தால் கொடுக்கலாம். வண்டி சொன்ன நேரத்துக்கு வந்தே தீரும் என்று நம்பி அன்றிரவு எதையும் பதிவு செய்யாதீர்கள். காற்றும் சாலையும் ஒரு மணி நேரத்தைச் சுலபமாகத் தின்றுவிடும். உணவகங்கள் பல ஒன்பது, ஒன்பதரைக்குச் சமையலறையை மூடிவிடும். அறையில் சூடாக்கிச் சாப்பிட ஏதாவது இருப்பது நல்லது.

ஷூவின் உள்தகட்டை எடுத்துவிட்டு, உள்ளே செய்தித்தாளைச் சுருட்டித் திணித்து, ஹீட்டருக்குப் பக்கத்தில் வையுங்கள். மேலே வைத்தால் ஒட்டுப்பசை விட்டுப்போகும். படுக்கப் போகும் முன் ஒருமுறை தாளை மாற்றினால் காலையில் போட்டுக்கொள்ளலாம்.